பெயர் சொல்லிக் கூப்பிடாதவர்

அவருடைய பெயரை நான் இங்கே எழுதப் போவதில்லை. மறந்துவிட்டது என்று யாரும் நினைக்க வேண்டாம், நன்றாகவே தெரியும். ஆனால் ஹட்டனில் அவர் மாடியிலும் நான் கீழேயும் கடை வைத்திருந்த அத்தனை வருடத்தில், உயிரோடு நடமாடுகிற ஒரு மனிதரின் பெயர் அவர் வாயிலிருந்து வந்து நான் கேட்டதில்லை. அப்படிப்பட்டவரைப் பெயர் போட்டு எழுதினால் அது அவருக்குச் செய்கிற மரியாதை ஆகாது. ஒரே ஒரு பெயரை மட்டும், ஒரே ஒரு நாள், அவர் சொல்லக் கேட்டேன். அந்தப் பெயரைக் கடைசியில் எழுதுகிறேன்.

கீழே இருந்தது என் மாமாவின் கொமினிகேஷன், வெளிநாட்டுக்குப் போன் எடுத்துக் கொடுக்கிற கடை. குவைத்துக்கும் லெபனானுக்கும் வேலைக்குப் போன பெண்பிள்ளைகளோடு பேச தேயிலைத் தோட்டத்து லயத்துச் சனம் ஞாயிற்றுக்கிழமைகளில் குடையும் பிள்ளையுமாக வந்து காத்துக் கிடக்கும். நான் நம்பரைச் சுழற்றிக் கொடுத்துவிட்டு, அவர்கள் அழுவதைக் கேளாதவள் போல உட்கார்ந்திருப்பேன். மேலே அவருடைய கடை. பழைய கொம்பியூட்டர்கள் சில, பிளாஸ்டிக் கதிரைகள், ஒரு தகர போர்டு. பள்ளிக்கூடம் விட்டதும் கேம் விளையாடப் பொடியன்கள் படியில் தடதடவென்று ஏறுவார்கள். என் தலைக்கு மேலே யுத்தம் நடக்கிற மாதிரி இருக்கும்.

என்னை அவர் "கீழ்க்கட" என்றுதான் கூப்பிடுவார். எதிர்ப்பக்கம் கொத்து ரொட்டி போடுகிற முஸ்லிம் நானாவுக்குப் பெயர் "கொத்து". விளையாட வருகிறவர்களுக்கு அவர்கள் உட்காருகிற இடம்தான் பெயர்: ஜன்னல், மூல, கதவு. ஜன்னல் ஒருநாள் மூலையில் உட்கார்ந்தால் அன்றைக்கு அவன் மூல.

"என்னாண்ணே இது? எங்கப்பா எனக்குப் பேரு வச்சு காது குத்தித்தான் வளத்தாரு. நீங்க கடையச் சொல்லிக் கூப்பிடுறீங்க," என்று முதல் மாதமே சண்டைக்குப் போனேன்.

"கட நல்ல கடதானே," என்றார். அவ்வளவுதான். சிரிக்கவும் இல்லை.

கொழும்புக்குப் போன் எடுத்தால் "நான்தான், மேல்கட" என்பார். அந்தப் பக்கம் எத்தனை தடவை "யாரு, யாரு" என்று கேட்டாலும் அதே பதில். கொழும்பில் கொம்பியூட்டர் கடை ஒன்றில் வருடக்கணக்காக வேலை பார்த்து, தொழிலைப் பழகிக்கொண்டு வந்தவர் அவர். அங்கே எப்படித்தான் காலம் தள்ளினாரோ என்று நினைத்துக்கொள்வேன். எனக்குப் பொல்லாத ஆத்திரம் வரும். எல்லாருக்கும் ஒரு கிறுக்கு இருக்கும், சரி. ஆனால் ஆளைப் பார்த்துப் பெயரைச் சொல்லாமலிருப்பது மனிதரை அவமதிக்கிற கிறுக்கு என்பது அப்போது என் எண்ணம்.

அது வெறும் கிறுக்கு இல்லை என்று ஒரு மத்தியானம் தெரிந்தது. கொட்டகலைப் பக்கத்துத் தோட்டத்து அம்மா ஒருத்தி பஸ்ஸைப் பிடிக்கும் அவசரத்தில் ரோட்டில் நின்றுகொண்டே மாடியைப் பார்த்து, "டேய் ரமேசு! எறங்கி வாடா, பஸ்ஸு போகப் போகுது!" என்று கத்தினாள். மாடியிலிருந்து மகன் வரவில்லை. இவர் வந்தார். படியில் விழாத குறை. நேரே அந்த அம்மாவுக்கு முன்னால் போய் நின்று, "ரோட்டுல நின்னு பேரச் சொல்லாதீங்கக்கா. கையத் தட்டுங்க, நான் அனுப்புறேன். பேரச் சொல்லாதீங்க," என்று கெஞ்சினார். எதிர்ப்பக்கம் இரண்டு பொலிஸ்காரர்கள் நின்று வடை தின்றுகொண்டிருந்தார்கள். அவர்கள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. இவர் கண் அவர்கள் மேலேயே இருந்தது. அந்த அம்மா பயந்துபோய் மகனை இழுத்துக்கொண்டு போனாள். எனக்கும் பயமாகத்தான் இருந்தது. இந்த மனுசனுக்கு உள்ளே ஏதோ கழன்றுதான் போயிருக்கிறது என்று மாமாவிடம் சொல்லி, கடையை வேறு கட்டிடத்துக்கு மாற்றலாமா என்றுகூடக் கேட்டேன்.

கடையை மாற்றாமல் விட்டதற்குக் காரணம் அந்த கேம்.

மற்றக் கேம் கடைகளில் கார் ஓட்டினார்கள், கிரிக்கெட் அடித்தார்கள். இவர் கடைக்கு ஒரு கேமுக்காக மட்டுமே டிக்கோயாவிலிருந்தும் நோர்வூட்டிலிருந்தும் ஆட்கள் வந்தார்கள். அது வெளிநாட்டில் யார் யாரோ சேர்ந்து செய்து இலவசமாக விட்டிருந்த கேம். இருட்டுக் குகைக்குள் தட்டுத் தட்டாக இறங்கி, எதிரில் வருகிறவர்களோடு சண்டை போட வேண்டும். ஒவ்வொரு தடவையும் குகை வேறு மாதிரி இருக்கும். அதில் ஒரு சட்டம் உண்டு. செத்தால் செத்ததுதான். செத்த இடத்திலிருந்து தொடர முடியாது, புது ஆளாக முதல் தட்டிலிருந்துதான் வர வேண்டும். அதோடு, போன தடவை நீங்கள் செத்த இடத்துக்குத் திரும்பவும் போய்ச் சேர்ந்தால் பழைய உங்களுடைய பிணம் அங்கேயே கிடக்கும், கையில் இருந்த சாமானோடு. யாருக்கும் அதில் புதுப் பகுதி சேர்க்க அனுமதி இருந்தது. லயத்துக்குப் பின்பக்கம் தகரம் சாத்திக் குசினி இழுக்கிறோமே, அது மாதிரி இவர் அந்த கேமுக்குப் பின்னால் ஒரு பகுதியை இழுத்திருந்தார். அதற்குள் காமன் கூத்து முழுவதும் இருந்தது.

மலையகத்தில் பிறந்தவர்களுக்குக் காமன் கூத்தைச் சொல்லித்தர வேண்டியதில்லை. மற்றவர்களுக்காகச் சொல்கிறேன். மாசி மாதத்தில் பொட்டலில் கம்பம் ஊன்றி, இரண்டு வாரத்துக்கு மேல் தப்படித்து ஆடுவார்கள். தவத்தில் இருக்கிற சிவன்மேல் காமன் பூ அம்பு விடுவான். சிவன் நெற்றிக் கண்ணைத் திறப்பார். காமன் எரிந்து சாம்பலாவான். ரதி விழுந்து அழுவாள். மூன்றாம் நாள் அவனை எழுப்புவார்கள். எழுப்பிய பிறகுதான் கூத்து முடியும்.

இவருடைய கேமில் கீழே இறங்குகிற வேலை கிடையாது, மேலே ஏற வேண்டும். பொட்டலில் கம்பத்தடியில் தொடங்கி, தேயிலை மலை மலையாக ஏறிக் கைலாசத்துக்குப் போக வேண்டும். கையில் கரும்பு வில், ஐந்தே ஐந்து பூ அம்பு. வழியில் தூதன் மறிப்பான், நந்தி முட்டும், வீரபத்திரன் வெட்ட வருவான், யமன் பின்னாலேயே வருவான். நானே ஒரு கை பார்த்திருக்கிறேன். வீரபத்திரனிடம் நான் செத்த கணக்கு வழக்கு இல்லை. வெளிநாட்டுக் கேமில் தொடக்கத்திலேயே உங்கள் பெயர் என்ன என்று கேட்கும். இவர் அந்தக் கேள்வியைப் பிடுங்கி எறிந்திருந்தார். யார் உட்கார்ந்தாலும் பெயர் காமன்தான்.

எவ்வளவு கெட்டிக்காரனாக இருந்தாலும், கடைசி மலையில் சிவன் கண்ணைத் திறந்தால் எரிந்தே ஆக வேண்டும். அங்கே தப்பிக்க வழியே வைக்கவில்லை.

"என்னாண்ணே, இவ்வளவு தூரம் ஏறி வந்தும் ஜெயிக்க ஏலாதா?" என்று ஜன்னல் ஒருநாள் அழாத குறையாகக் கேட்டான்.

"கதையில ஜெயிச்சானா?"

"கதையில எந்திரிப்பான்ல?"

"செத்தா செத்ததுதான். முதல்லருந்து வா," என்றார் இவர். அந்தப் பதிலை ஒரு நாளைக்கு எத்தனையோ தடவை என் தலைக்கு மேலே கேட்டிருக்கிறேன்.

எங்கப்பா உடப்புசல்லாவைப் பக்கத்துத் தோட்டத்தில் ரதி வேஷம் கட்டுகிறவர். மாசி வந்தால் மீசையை எடுத்துவிடுவார். மீசை வளர்கிற வரைக்கும் எங்கம்மா அவர் முகத்தைப் பார்த்துப் பேச மாட்டாள். இதைச் சிரிப்புக்காக ஒருநாள் சொல்லப்போக, இவர் பிடித்துக்கொண்டார்.

"கீழ்க்கட, ரதி அழுகிற அழுகை ஒனக்கு வருமா?"

வரும் என்றேன். மைக்கை வைத்தார். எங்கப்பா அழுகிற மாதிரியே தலையை விரித்துப்போட்டு அழுதேன். கீழே போனுக்குக் காத்திருந்த சனம் யாருக்கோ சாவுத் தந்தி வந்துவிட்டதென்று மாடிக்கு ஓடிவந்துவிட்டது. அவர்களைச் சமாளித்து அனுப்பிவிட்டு, அழுகை முடிந்த கையோடு எழுப்புகிற பாட்டை எடுத்தேன். எடுத்த எடுப்பிலேயே மைக்கை நிறுத்திவிட்டார்.

"அது வேணாம். அழுகையோட போதும்."

"எழுப்பாம எப்பிடிண்ணே விடுறது? எங்க தோட்டத்துல எழுப்பாம ஒருத்தரும் வீட்டுக்குப் போக மாட்டாங்க."

"எங்க தோட்டத்துல போயிட்டாங்க," என்றார். பிறகு வயரைச் சுற்ற ஆரம்பித்துவிட்டார்.

சமாதானம் என்று சொன்ன காலம் தேய்ந்துபோய், ரோட்டில் திரும்பவும் வாகனத்தை மறிக்கத் தொடங்கியிருந்த நேரம் அது. கொழும்பிலிருந்து அவருக்குப் பழைய கொம்பியூட்டர் திரைகள் ரயிலில் வந்து, தவறுதலாக நானுஓயாவில் இறங்கிக் கிடந்தன. எனக்கு நுவரெலியாவில் வேலை இருந்தது. ஒரே வேனில் போனோம். வழியில் மறித்தார்கள். ஒரு பொடியன் ஆமிக்காரன் உள்ளே எட்டிப் பார்த்து, அவருடைய அடையாள அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டு, என் பக்கம் விரலை நீட்டி, "மெயாகே நம மொகத்த?" என்றான். இவளுடைய பெயர் என்ன என்று அவரிடம் கேட்கிறான். என் அட்டை என் கையிலேயே இருக்கிறது.

இவருக்கு வாய் திறந்தது, சத்தம் வரவில்லை. முகம் வெளிறிவிட்டது. நெற்றியில் வியர்வை துளிர்க்கிறது, அந்தக் குளிரில். ஆமிக்காரனுடைய பார்வை மாறிவிட்டது. கூட வருகிற பெண்ணின் பெயர் தெரியாதவன் யார் என்று அவனுக்குத் தோன்றாமல் இருக்குமா? இறங்கு என்று கையைக் காட்டினான். நான் சட்டென்று முன்னால் சாய்ந்து, "என் பேரை என்னைக் கேளுங்க மாத்தயா, அவருக்குச் சுகமில்ல," என்று சிங்களத்தில் ஒரு போடு போட்டு, அட்டையையும் நீட்டினேன். படத்தையும் என்னையும் மாறி மாறிப் பார்த்துவிட்டுப் போகச் சொன்னான்.

நானுஓயா ஸ்டேஷன் வரைக்கும் நான் அவரோடு பேசவில்லை. அங்கே பெட்டிகளைக் கொடுக்கிறவர் சாப்பிடப் போயிருந்தார். பிளாட்போம் வாங்கில் உட்கார்ந்ததும் வெடித்துவிட்டேன். "என் பேரு ஒங்களுக்குத் தெரியாதா? ஒரு வார்த்த சொன்னா என்னா கொறஞ்சு போகும்? இன்னிக்கு ஒங்கள எறக்கிக் கொண்டு போயிருந்தா நான் யாருகிட்ட போயி நிப்பேன்?"

அவர் ரயில் பாதையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு, "நான் ஒரு தரம் சொன்னேன்," என்றார்.

அன்றைக்கு அவர் சொன்னதை என்னால் முடிந்தவரை அப்படியே எழுதுகிறேன்.

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது. அவருடைய தோட்டத்தில் அந்த வருடம் காமன் வேஷம் அவருடைய தம்பிக்கு. ஒரே தம்பி. அவர்கள் தோட்டத்து வழக்கம், கம்பம் ஊன்றிக் கையில் காப்புக் கட்டிவிட்டால், காமன் வேஷம் போடுகிறவனுடைய சொந்தப் பெயரை யாரும் சொல்லக்கூடாது. பெற்ற தாயும் காமன் என்றுதான் கூப்பிட வேண்டும். எரித்த பிறகு அவன் வீட்டுக்கு வரமாட்டான். கோயிலுக்குப் பக்கத்தில் படுத்திருப்பான், வாய் திறந்து பேசமாட்டான். அவன் செத்தவன் அல்லவா? மூன்றாம் நாள் பொட்டலில் அவன் வீட்டு ஆள் ஒருவர் சொந்தப் பெயரை மூன்று தரம் சொல்லிக் கூப்பிட்டால் எழுந்து வருவான். அதற்கு முன்னால் பெயரைச் சொல்லிவிட்டால் காமன் எழுந்திருக்கமாட்டான் என்று நம்பிக்கை.

எரித்ததற்கு அடுத்த நாள் காலையில் ஆமிக்காரர்கள் தோட்டத்தைச் சுற்றிவளைத்துவிட்டார்கள். எங்கோ ஏதோ வெடித்திருந்ததாம். ஆம்பிளைகள் எல்லாரையும் பெரட்டுக் களத்தில், கொழுந்து மலைக்குப் போக ஆட்களைக் கூட்டுகிற அந்த இடத்திலேயே, வரிசையாக நிற்க வைத்தார்கள். தம்பியைக் கோயிலடியிலிருந்து கொண்டுவந்து அண்ணனுக்குப் பக்கத்தில் நிறுத்தினார்கள். காதோரத்தில் வேஷத்துப் பச்சை இன்னும் போகாமல் இருந்தது. நீலச் சுவெட்டர் போட்டிருந்தான். அதிகாரி அவனிடம் பெயர் கேட்டார். அவன் பேசவில்லை. செத்தவன் பேசக்கூடாது. திரும்பவும் கேட்டார், ஓர் அறை விட்டார், அப்போதும் பேசவில்லை. அதிகாரி அண்ணன் பக்கம் திரும்பி, இவன் பெயர் என்ன என்றார்.

"நான் காமன்னு சொல்லிட்டேன்," என்றார் இவர். "நெனச்சுச் சொல்லல. அத்தன நாளா அதுதானே பேரு. பேரச் சொன்னா எந்திரிக்க மாட்டானேங்குற பயமும்தான். அவன் சட்டப் பையிலருந்து அட்டைய எடுத்தாங்க. அட்டையில வேற பேரு."

அந்தக் காலத்தில் ஒரு தமிழ்ப் பொடியனுக்கு இரண்டு பெயர் இருந்தால் இரண்டாவது யார் வைத்த பெயர் என்று அவர்கள் நினைப்பார்களோ, அதைத்தான் நினைத்தார்கள்: ஆயுதம் எடுத்த இயக்கம் வைத்த பெயர். கோயில் பூசாரி, இது கூத்துப் பெயர் சாமி என்று கும்பிட்டுக் கும்பிட்டுச் சொன்னாராம். நல்ல சிங்களம் பேசத் தெரிந்த கணக்கப்பிள்ளை அன்றைக்கு லீவில் ஊருக்குப் போயிருந்தார். ஜீப்பில் ஏற்றும்போதும் தம்பி பேசவில்லை. அண்ணனைத் திரும்பிப் பார்த்தானாம். பிறகு முகாம் முகாமாக அலைந்திருக்கிறார்கள். அப்படி ஒரு ஆளை நாங்கள் கொண்டுவரவே இல்லை என்றுதான் எல்லா இடத்திலும் பதில்.

மூன்றாம் நாள் எழுப்புவதற்குக் காமன் இல்லை. கூத்து அப்படியே நின்றது. கம்பத்தைப் பிடுங்கவில்லை. அதற்குப் பிறகு அந்தத் தோட்டத்தில் மாசி மாதம் தப்புச் சத்தமே கேட்டதில்லை.

அத்தனை நாள் அவரைத் திட்டியதெல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. பெட்டிகள் வந்தன, தூக்கிக்கொண்டு வேனில் ஏறினோம். திரும்பி வரும்போது மறிக்கவில்லை.

அடுத்த தை மாதக் கடைசியில் அவருடைய தோட்டத்துத் தலைவர் கடைக்கு வந்தார். வெள்ளைச் சட்டை, கையில் குடை. படியேற மூட்டு வலி என்று சொல்லி என் கடை வாங்கிலேயே உட்கார்ந்துவிட்டார். இவரைக் கீழே கூப்பிட்டேன்.

"தம்பி, எளவட்டப் பயலுக கூத்து வேணும்னு நிக்கிறானுக," என்றார் தலைவர். "பழைய கூத்து முடியாம புதுக் கம்பம் ஊன ஏலாது. ஒங்க வீட்டுலருந்து ஒரு ஆளு பொட்டலுக்கு வந்து, பேரச் சொல்லிக் கூப்பிட்டு முடிச்சுக் குடுங்க. அதுக்கப்புறம் நாங்க பாத்துக்கிறோம்."

"அம்மா ஒத்துக்கிறாது," என்றார் இவர். "இன்னும் வருவான்னுதான் அது ஒக்காந்திருக்கு. கூப்பிட்டு முடிச்சிட்டா முடிஞ்சே போகும்ல? அதுகிட்டப் போயி இதக் கேக்காதீங்க."

தலைவர் அவரை ஒரு மாதிரியாகப் பார்த்தார். ஏதோ சொல்ல வந்து, என்னைப் பார்த்துவிட்டு, "சரி தம்பி" என்று எழுந்து போனார்.

அன்றிலிருந்து இவர் கடையை நேரத்தோடு மூடிவிட்டு உள்ளே உட்கார்ந்து வேலை செய்ய ஆரம்பித்தார். என்ன வேலை என்று கேட்டேன். கடைசி மலைக்குப் பிறகு ஒரு தட்டு செய்கிறேன் என்றார். பொட்டலில் போய் நிற்கத் தன்னால் முடியாது, இங்கேயாவது எழுப்பி முடிக்கலாம் என்று பார்க்கிறேன் என்றார். எனக்குக் கேட்கவே கஷ்டமாக இருந்தது. விளையாட்டுச் சாமானுக்குள் போய் யாராவது கடன் கழிப்பார்களா? ஆனால் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு அதைச் சொல்ல என்னால் முடியவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை, என் கடையில் சனம் நிறைந்திருந்த நேரம், ஓர் அம்மா வந்து நின்றார். கொழுந்து பறித்துப் பறித்துக் கறை ஏறிய விரல்கள். நல்ல சேலை கட்டியிருந்தார். முகத்தைப் பார்த்ததுமே யார் என்று தெரிந்துவிட்டது. அவருடைய மூக்கு அப்படியே மகனுக்கு.

"ஒம் பேரென்னம்மா?" என்றார் என்னிடம்.

"தவமணிங்கம்மா," என்றேன். அந்தக் கட்டிடத்தில் என்னை யாராவது பெயர் கேட்டு எத்தனை காலம் ஆகிவிட்டது என்று அப்போதுதான் உறைத்தது.

"தவமணி, என்னக் கொஞ்சம் மேல கூட்டிட்டுப் போ."

புதுத் தட்டு வேலைக்காக அன்றைக்கு விளையாட யாரையும் விடவில்லை, மாடியில் அவர் மட்டும்தான். இவர் அம்மாவைக் கண்டதும் கதிரையிலிருந்து எழுந்து நின்றுவிட்டார்.

"தலைவருகிட்ட எம் மேல பழியப் போட்டியாமே," என்றார் அம்மா. உட்காரக்கூட இல்லை. "நான் ஒத்துக்கிற மாட்டேன்னியாம்?"

"அம்மா..."

"நான் எப்பவோ சொல்லிட்டேன்டா, கம்பத்த ஊனுங்கன்னு. நீதான் வேணாம் வேணாம்னு அவரு கையப் புடிச்சு அழுதவன். அத ஒனக்கு ஞாபகப்படுத்தக் கூடாதுன்னுதான் அந்த மனுசன் பேசாமப் போயிருக்காரு."

இவர் தலையைக் குனிந்துகொண்டார். நான் இறங்கிப் போகலாமா என்று பார்த்தேன். அம்மா என் கையை விடவில்லை.

பிறகு இவர் அம்மாவை உட்கார வைத்து கேமைப் போட்டார். விளக்கம் எதுவும் சொல்லவில்லை, விளையாடினார். தூதன், நந்தி, வீரபத்திரன், எல்லாரையும் தாண்டி ஏறினார். அவ்வளவு லாவகமாக ஏறி நான் யாரையும் பார்த்ததில்லை. அம்மா கண்ணைச் சிமிட்டாமல் பார்த்துக்கொண்டிருந்தார். சிவன் கண்ணைத் திறந்தார். காமன் எரிந்தான். என் குரலில் ரதி அழுதாள். எனக்கே உடம்பு கூசியது.

வழக்கமாக அங்கேயே முடிந்துவிடும். அன்றைக்கு முடியவில்லை. பொட்டல் வந்தது. நடுவில் கம்பம். கம்பத்தைச் சுற்றிலும் சாம்பல் சாம்பலாகக் குவிந்திருந்தது, அது வரைக்கும் அங்கே விளையாடி எரிந்துபோன எல்லாருடையதும். ஒவ்வொரு சாம்பலுக்கும் மேலே காமன், காமன் என்று எழுதியிருந்தது. ஒரு சாம்பலில் மட்டும் ஒரு நீலச் சுவெட்டர் கிடந்தது. அதற்கு மேலே பெயர் இல்லை. ஒரு வெறும் கோடு மின்னி மின்னி அணைந்தது.

"இது அவன் சுவெட்டர்ல?" என்றார் அம்மா.

"ஆமாம்மா. இங்க பேரப் போட்டா எழுப்புனதா ஆகிரும். நீ சொல்லும்மா, நான் அடிக்கிறேன்."

"நான் கூப்பிட்டாச்சு," என்றார் அம்மா. "அந்த மூணாம் நாளே, நீங்கெல்லாம் முகாமுக்குப் போயிருந்தப்ப, நான் ஒத்தையில பொட்டல்ல நின்னு மூணு தரம் கூப்பிட்டேன். தொண்ட கிழியக் கூப்பிட்டேன். வரல. அன்னைக்கே எனக்குத் தெரிஞ்சு போச்சு." மூச்சு வாங்கினார். "நீ கூப்பிடு. அவன் பேர மாத்திச் சொன்னவன் நீதானே. நீயே சரியான பேரச் சொல்லு."

இவர் தலை நிமிர்ந்தது. பெரட்டுக் களத்தில் தான் சொன்னது அம்மாவுக்குத் தெரியாது என்றே அத்தனை வருடமும் நினைத்திருந்தார் போல. பக்கத்தில் வரிசையில் நின்ற யாரோ சொல்லியிருப்பார்கள். அந்த அம்மா அதை மனதில் வைத்துக்கொண்டே அவருக்குச் சோறு போட்டிருக்கிறார்.

"ஒன்னயத் திட்ட வரல," என்றார் அம்மா. "சொல்லுடா."

அவர் கீபோர்டைக் கிட்டே இழுத்துக்கொண்டார். "ஜெயக்குமார்," என்றார். சத்தம் வரவில்லை, இருமிவிட்டுத் திரும்பவும் சொன்னார். "ஜெயக்குமார். ஜெயக்குமாரு." சொல்லிக்கொண்டே ஒவ்வொரு எழுத்தாக அடித்தார். கண்ணீர் கையில் விழுந்துகொண்டிருந்தது. துடைக்கவில்லை. நானும் அழுதுகொண்டுதான் நின்றேன்.

திரை ஒரு தரம் கறுத்தது. பிறகு பொட்டல் வந்தது. காலை வெளிச்சம். சாம்பல் எதுவும் இல்லை. கம்பத்தடியில், கையில் கரும்பு வில்லோடு ஒருவன் நின்றுகொண்டிருந்தான்.

அம்மா கதிரையை விட்டு எழுந்துவிட்டார். அது வரைக்கும் அவ்வளவு தைரியமாகப் பேசிய மனுஷி, திரைக்கிட்டே குனிந்து, "எந்திரிச்சிட்டானா?" என்றார். அந்தக் குரலை நான் என்றைக்கும் மறக்கமாட்டேன்.

"இல்லம்மா," என்றார் இவர். "அதுக்குப் பொறகு என்னால ஒண்ணும் செய்ய முடியல. அது திரும்ப முதல்லருந்து போகுது. இது வேற ஆளும்மா."

அம்மா கொஞ்ச நேரம் அந்த வேறு ஆளையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துவிட்டு, குடையை எடுத்துக்கொண்டு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்றார்.

அந்த மாசியில் அவர்கள் தோட்டத்தில் கம்பம் ஊன்றினார்கள். வேறு வீட்டுப் பிள்ளை ஒருவன் காமன் கட்டினான். மூன்றாம் நாள் எழுப்பினார்களாம், எழுந்து வந்தானாம். இவர் போகவில்லை, கடையைத் திறந்து வைத்திருந்தார். என்னை அதற்குப் பிறகும் கீழ்க்கட என்றுதான் கூப்பிட்டார். மனிதர் மாறிவிட்டார் என்று எழுத எனக்கும் ஆசைதான், ஆனால் மாறவில்லை. ஒரு வருடத்துக்குள் கடையை விற்றுவிட்டு எங்கோ போய்விட்டார். அம்மாவும் கூடப் போய்விட்டார் என்று கேள்வி.

ஆனால் அங்கே காமனை எழுப்பிய அந்த மூன்றாம் நாள் மத்தியானம் இங்கே கடையில் நடந்ததைச் சொல்லி முடித்துவிடுகிறேன். ஒரு பெண்ணுக்கு ஜோர்தான் லைன் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். மாடியில் ஜன்னல் கடைசி மலை வரைக்கும் ஏறி எரிந்துவிட்டான் போல. புதுத் தட்டை அவன்தான் முதலில் பார்க்கிறான். சத்தம் கீழே வரைக்கும் கேட்டது.

"அண்ணே, இங்க எல்லாச் சாம்பல்லயும் காமன்னு இருக்கு. ஒண்ணுல மட்டும் ஜெயக்குமார்னு இருக்கே. யாருண்ணே அது?"

ரிசீவரைக் கையில் பிடித்தபடி நின்றுவிட்டேன்.

"என் தம்பி," என்றார் அவர். "செத்துப் போயிட்டான். நீ முதல்லருந்து வா."